பூச்சட்டியில் நீ அடைத்த ஓட்டை

தம்பி,

இப்போதுதான் மறுபடியும் கையைக் கழுவிவிட்டு வந்து உட்கார்ந்தேன். சோப்புப் போட்டாயிற்று, எலுமிச்சம்பழம் தேய்த்தாயிற்று, காப்பித்தூள்கூட அள்ளித் தேய்த்துப் பார்த்துவிட்டேன். உன் வீட்டுப் பால்கனிப் பூச்சட்டியின் நாற்றம் நகக்கண்ணை விட்டுப் போவேனா என்கிறது. செத்த எலியும் அடைத்துக்கொண்ட சாக்கடையும் சேர்ந்தால் வருமே, அந்த நாற்றம். குருண் ஊரில் தொழிற்சாலைப் புகைக்கும் ரப்பர் வாடைக்கும் நடுவிலேயே காலத்தை ஓட்டியவள் நான். மூக்கைப் பொத்திக்கொள்ளும் ஜாதி இல்லை. அந்த வாடைக்குள் வேலை இருந்தது, சம்பளம் இருந்தது, அதனால் சகித்துக்கொண்டேன். உன் பால்கனியில் அடித்த நாற்றத்தைச் சகித்துக்கொள்ள எனக்கு ஒரு காரணமும் கிடைக்கவில்லை.

அன்றைக்கு என்னைக் காரில் கொண்டுவந்து விடும்போது, என் வீட்டு வாசலில் நிறுத்தியதும் கேட்டாய்: "அப்ப எப்பம்மா வர்றீங்க?" நான் பதில் சொல்லாமல் இறங்கிப் போனேன். போனில் சொல்லியிருக்கலாம். போனில் பேசினால் "ஓகேம்மா, ஓகேம்மா, மீட்டிங் இருக்கு, லேட்டர் கூப்புடுறேன்" என்று பாதியில் வைத்துவிடுவாய். கடிதத்தை அப்படி வைக்க முடியாது. இதன் நகல் ஒன்றை ஞாயிற்றுக்கிழமைப் பத்திரிகைக்கும் அனுப்பப் போகிறேன். அந்த நகலில் யார் பெயரும் இருக்காது, பயப்படாதே. உன்னைப் போல இன்னும் எத்தனை வீட்டில் ஓட்டையை அடைத்துவைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்களோ, அவர்களும் படிக்கட்டும்.

நீ கேட்டதில் தப்பில்லை. முட்டி வலியோடு இந்த வீட்டில் தனியாக இருக்கிறேன். இதைப் பூட்டிவிட்டுச் சுங்கைப் பட்டாணிக்கு வந்து உங்களோடு இருக்கச் சொல்கிறாய். ஷாலினியும் வாய் நிறையத்தான் கூப்பிடுகிறாள். எனக்கென்று ஓர் அறையை ஒதுக்கி, எனக்குப் பிடிக்கும் என்று இளம்பச்சைச் சாயம்கூட அடித்துவிட்டீர்கள். ஒரு மருமகள் அவ்வளவு செய்தால் போதாதா? நானும் வருவதாகத்தான் இருந்தேன். உன் பால்கனியைப் பார்க்கும்வரை என் பெட்டி பாதி கட்டிக் கிடந்தது. திரும்பி வந்த அன்றே சேலைகளை எல்லாம் எடுத்துப் பழையபடி அலமாரியில் அடுக்கிவிட்டேன். நான் வருவதும் வராமல் போவதும் இனி நீ செய்யப்போவதைப் பொறுத்தது. என்ன செய்ய வேண்டும் என்பதைக் கடைசியில் சொல்கிறேன். அதற்கு முன்னால் முழுதும் படி.

உன் புது வீட்டுக்குப் பால் காய்ச்சுவதற்கு முந்திய வாரம் நீ சொன்னது ஞாபகம் இருக்கிறதா? "மூணு பாசு போதும்லாம்மா, எல்லாம் ஒரே கலரா இருக்கட்டும், பாக்க நீட்டா இருக்கும்." பூச்சட்டியைப் பாசு என்று மலாயில் சொன்னால் அது உயர்ந்துவிடும் போலிருக்கிறது உனக்கு. என் கொல்லையில் கிடக்கும் அத்தனை செடியிலிருந்தும் மூன்றே மூன்றைப் பொறுக்கச் சொன்னாய். சரி, அடுக்குமாடியில் அவ்வளவுதான் இடம். யோசித்து யோசித்துக் கறிவேப்பிலையையும் வெற்றிலைக்கொடியையும் துளசியையும் எடுத்தேன். வாசனைக்குப் போடும் பண்டான் இலைச்செடியையும் கற்பூரவள்ளியையும் விட்டுவிட்டு வரும்போது வருத்தமாகத்தான் இருந்தது. உனக்காக என்று மனத்தைத் தேற்றிக்கொண்டேன்.

அப்புறம் ஜாலான் பெசார் சாலையில் இருக்கிற நர்சரிக்குப் போனோம். நான் ஒவ்வொரு சட்டியாகக் கவிழ்த்து அடியைப் பார்த்தேன். அதற்கு நீ நெளிந்தாய். "அம்மா, எல்லாத்தையும் கவுத்துக் கவுத்துப் பாக்குறீங்க, மாலுலா, வெக்கமா இருக்கு, தௌக்கே பாக்குறாரு." கடைக்கார தௌக்கே பார்த்தால் என்னடா? அவர் சிரித்துக்கொண்டே இன்னும் இரண்டு சட்டியை எடுத்துவந்து என் முன்னால் கவிழ்த்து வைத்தார். பூச்சட்டி வாங்குகிறவன் முதலில் பார்க்க வேண்டியது அடியைத்தான். விரல் நுழைகிற மாதிரி ஓட்டை இருக்கிறதா? ஒன்றுதான் என்றால் நடுவில் இருக்கிறதா? அடி தரையில் ஒட்டி உட்காராமல் கொஞ்சம் தூக்கி நிற்கிறதா? இதற்கெல்லாம் பிறகுதான் நிறம். மெல்லிய பிளாஸ்டிக் நம் வெயிலுக்கு அப்பளமாய் நொறுங்கும், வாங்காதே. மண்சட்டிக்கு மூச்சு உண்டு, ஆனால் சீக்கிரம் காய்ந்துபோகும், துளசிக்கு அது போதும். கறிவேப்பிலைக்கு வேர் இறங்க ஆழம் வேண்டும், முழங்கால் உயரமாவது. வெற்றிலைக்குக் கொஞ்சம் அகலமும் நிழலும் ஈரமும். ஈரம் என்றுதான் சொன்னேன், குளம் என்று சொல்லவில்லை. நீ ஆசைப்பட்ட அந்த வெள்ளைப் பளபளப்புச் சட்டியையே கடைசியில் வாங்கிக் கொடுத்தேன், அதன் அடியில் நல்ல ஓட்டை இருந்ததால். ஒரே நிறத்தில் மூன்று. செம்மண்ணும் ஆட்டுப்புழுக்கையும் தேங்காய் நாரும் கலந்து, ஓட்டையின்மேல் உடைந்த ஓட்டுச்சில்லை மூடினாற்போல வைத்து, நானே நட்டுக் கொண்டுவந்தேன். ஷாலினி அதைப் படம் பிடித்து எல்லாருக்கும் அனுப்பினாள்.

பால் காய்ச்சிய அன்று செர்டாங்கிலிருந்து உன் அத்தை வந்தாள். உன் அப்பாவின் அக்கா. சாமி கும்பிட்டு, பால் பொங்கி, எல்லாரும் சாப்பிட உட்கார்ந்தபோது அவள் மட்டும் பால்கனியில் போய் நின்றாள். காலையில் நான் ஊற்றிய தண்ணீர் கறிவேப்பிலைச் சட்டியின் அடியிலிருந்து கசிந்து கோடாய் ஓடிக்கொண்டிருந்தது. அங்கிருந்தே கத்தினாள்.

"ஏன் புள்ள, நல்ல நாளும் அதுவுமா ஓட்டச் சட்டிய உள்ள கொண்டாந்து வெச்சிருக்க? காசு தங்குமா, ஆளு தங்குமா இந்த வீட்டுல?"

பந்தியில் எல்லார் கையும் இலையிலேயே நின்றது. நிறைகுடம் எடுத்துக்கொண்டு வலது காலை வைக்கிற வீட்டில் ஒழுகுகிற பாத்திரம் ஆகாது. அந்தச் சாஸ்திரம் எனக்கும் தெரியும். அண்டா ஒழுகினால் நானும் தூக்கித்தான் போடுவேன். பூச்சட்டி பாத்திரமா? அதில் சோறு வடிக்கப் போகிறோமா? இதையேதான் நீயும் அன்றைக்குச் சிரித்துக்கொண்டே கேட்டாய்: "அத்தை, அது பூ பாசு. ஓட்ட இல்லன்னாதான் தப்பு." எனக்குப் பெருமையாக இருந்தது. பாயசம் இன்னொரு கரண்டி விட்டேன் உனக்கு.

அந்தப் பெருமைதான் போன ஞாயிற்றுக்கிழமை மண்ணாய்ப் போனது. ஷாலினி கோயிலுக்குப் போயிருந்தாள், நீ கீழே கார் கழுவிக்கொண்டிருந்தாய். உங்கள் கட்டடத்து லிப்ட் வாசலில் ஒரு பெரிய சட்டி வைத்திருக்கிறார்களே, அதைத் தாண்டும்போதெல்லாம் முகத்தைத் திருப்பிக்கொள்வேன். சிகரெட் துண்டு, மூக்குச் சிந்திய டிஷ்யூ, மென்று துப்பிய சுவிங்கம், அதற்கு நடுவில் பாவம் ஒரு பனஞ்செடி. அந்த அருவருப்பு அடங்கும் முன்னால் மேலே வந்து உன் பால்கனிக் கதவைத் திறந்தேன். அதைவிட மோசமாக ஒன்று வந்து முகத்தில் அடித்தது.

கறிவேப்பிலை நின்ற நிலையிலேயே கறுத்துப் போயிருந்தது. வெற்றிலைக்கொடி தண்டு கூழாகி, தொட்டதும் கையோடு வழுவழுவென்று வந்தது. மண்ணுக்கு மேலே இரண்டு விரல் உயரத்துக்குத் தண்ணீர், அதன்மேல் பச்சையாய் ஒரு படலம், அதற்குள் நெளிந்து நெளிந்து குதிக்கும் கொசுப்புழு. பிள்ளை உண்டாகியிருக்கும் ஷாலினி படுக்கிற அறையின் சன்னலுக்கு நேர் கீழே, தம்பி! சட்டியைச் சாய்த்துக் கவிழ்த்தேன். அந்தக் கறுப்புத் தண்ணீர் என் சேலையெல்லாம் தெறித்தது. அடியைத் தடவினேன். ஓட்டை இருந்த இடத்தில் பசை. வெள்ளையாக, வழவழப்பாக, விரலால் அழுத்தி அழகாக நிரவிவிட்ட சிலிகான் பசை. மூன்று சட்டியிலும். நீ படிப்பாளி, எதைச் செய்தாலும் சுத்தமாகத்தான் செய்வாய்.

நீ மேலே வந்தபோது நான் அந்தச் சகதிக்கு நடுவில் நின்றுகொண்டிருந்தேன். "யார்டா இத அடச்சது?" என்றேன். நீ முதலில் ஷூவைக் கழற்றுவதுபோல் குனிந்துகொண்டாய்.

"நாந்தாம்மா. அந்த சூப்பர்வைசர் போஸ்ட்டு எனக்கு வரலல்ல. அத்தை போன் பண்ணி, சொன்னேன்ல, ஓட்டச் சட்டிய எடுன்னு சொன்னேன்லன்னாங்க. எனக்கு நம்பிக்கைலாம் இல்லம்மா. சும்மா சேஃப்டிக்குலா."

சேஃப்டிக்கு! நம்பிக்கை இருந்து அடைத்திருந்தால்கூட எனக்கு இவ்வளவு அருவருப்பு வந்திருக்காது. உன் அத்தை நம்புகிறாள், மூடத்தனம்தான், ஆனாலும் நேராக நின்று சத்தமாகச் சொல்கிறாள். நீ அவள் முகத்துக்கு எதிரே சிரித்துப் பேசிவிட்டு, பிறகு யாரும் இல்லாத நேரத்தில் பசையைப் பிதுக்கியிருக்கிறாய். என்னிடம் ஒரு வார்த்தை இல்லை. நான் போன் பண்ணி "செடி எப்படிடா இருக்கு" என்று கேட்கும்போதெல்லாம் "ஓகேம்மா, பச்சையா இருக்கு" என்றாய். பச்சையாக இருந்தது பாசி.

உனக்கு ஓட்டை எதற்கென்று தெரியாதா? நம் வீட்டில் சுவருக்கு அடித்துத் தீர்ந்த சாய வாளிதான் பூச்சட்டி. உன் அப்பா எண்ணெய் மில்லுக்குச் செம்பனைப் பழ லாரி ஓட்டியபோது, கட்டட வேலை நடக்கிற இடங்களில் கேட்டு வாங்கிக்கொண்டு வருவார். எண்ணெய்ச் சாய வாளி வேண்டாம், தண்ணீர்ச் சாய வாளிதான் கழுவினால் போகும் என்று அவருக்குச் சொல்லிக் கொடுத்ததே நான்தான். தோட்டத்தில் புல்லுக்கு அடிக்கிற விஷ மருந்துக் கேனை வெட்டி அதில் புதினா நட்டுத் தின்கிறவர்களைப் பார்த்தால் எனக்கு இன்றைக்கும் உடம்பு கூசும். அந்தக் கேன் ஒன்றுகூட நம் வாசலைத் தாண்டியதில்லை. வாளியைக் கழுவிக் காயவைத்து, கம்பியை அடுப்பில் பழுக்கக் காய்ச்சி, அடியில் ஓட்டை போடுவேன். வாளியை அசையாமல் பிடித்துக்கொள்வது உன் வேலை. பிளாஸ்டிக் கருகும் புகைக்கு ஒரு கையால் மூக்கைப் பிடித்துக்கொண்டு, "ஏம்மா ஓட்ட போடுறீங்க?" என்று ஒருநாள் கேட்டாய். "செடிக்கும் ஒண்ணுக்கு வரும்லடா, அது எங்க போகும்?" என்றேன். நீ சிரித்த சிரிப்பில் வாளியை விட்டுவிட்டாய். அப்புறம் பள்ளிக்கூடம் முழுக்க அதைச் சொல்லி, டீச்சர் என்னைக் கூப்பிட்டுக் கேட்கும்படி ஆனது. அதெல்லாம் தெரிந்தவன்தான் அடைத்திருக்கிறாய்.

அம்மா எழுதும் கடிதம் என்றால் நடுவில் அம்மா தன் பழைய தப்பை எல்லாம் ஒப்புக்கொண்டு அழுவாள் என்று எதிர்பார்க்காதே. இந்த விஷயத்தில் என்னிடம் ஒரு தப்பும் இல்லை. அதைத்தான் இப்போது சொல்ல வருகிறேன். இதுவரை நாம் இருவரும் வாய்விட்டுப் பேசாத ஒன்று.

உன் அப்பா மில் வாசலில் லாரி வரிசையில் காத்திருந்தபோது, ஸ்டீயரிங்கின்மேல் சாய்ந்தபடியே போய்விட்டார். நெஞ்சு வலி. நீ பாலிடெக்னிக்கிலிருந்து ஓடிவந்தாய். அவரைக் கூடத்தில் கிடத்தியிருந்தார்கள். உன் அத்தை தலைமாட்டில் உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தவள், கொல்லைக் கதவு வழியாக என் வாளிகளைப் பார்த்தாள். உள்ளே அவ்வளவு ஜனம் இருக்கும்போது சொன்னாள்: "வீடு பூரா ஓட்டச் சட்டியா அடுக்கி வெச்சா என் தம்பி எப்படி நெலச்சு நிப்பான்? இவ வெச்ச ஓட்டைலதான் எல்லாம் ஒழுகிப் போச்சு." கூடப்பிறந்தவன் போன துக்கத்தில் சொன்னாள் என்று எல்லாரும் எனக்குச் சமாதானம் சொன்னார்கள். துக்கம் எனக்கும்தான் இருந்தது. நான் யாரையும் எதுவும் சொல்லவில்லை. மன்னித்துவிட்டேனா என்று கேட்காதே, இல்லை.

அன்றைக்கு அந்தக் கூடத்தில் வாயைத் திறந்தது நீ ஒருவன்தான். "அத்தை, எங்கம்மா சட்டியப் பத்திப் பேசாதீங்க. எங்கப்பா கொண்டாந்து குடுத்த வாளி அது," என்றாய். குரல் உடைந்து, ஆனால் சத்தமாகச் சொன்னாய். புருஷன் போய்விட்டான், பிள்ளை நமக்கு இருக்கிறான் என்று அப்போதுதான் எனக்கு உடம்பில் உயிர் வந்தது. அதற்கப்புறம் தனியாக இருந்த இத்தனை வருஷமும் அந்த ஒரு வாக்கியத்தைப் பிடித்துக்கொண்டுதான் இருந்தேன். நீ மறந்திருக்கலாம்.

இப்போது புரிகிறதா, அந்தப் பசையை விரலால் தடவியபோது எனக்கு என்ன ஆயிற்று என்று? செடி செத்ததற்காக நான் பெட்டியைப் பிரிக்கவில்லை. செடி போனால் இன்னொன்று, என் கொல்லையில் கறிவேப்பிலைக் கன்று காடாய் முளைக்கிறது. நீ அந்த ஓட்டையை அடைத்தபோது, அத்தை அன்று சொன்னது ஒருவேளை உண்மையாக இருக்குமோ என்று அரைப் பங்காவது நினைத்துத்தான் அடைத்தாய். ஓட்டைச் சட்டியால் அந்தப் பதவி கைவிட்டுப் போகும் என்றால், ஓட்டைச் சட்டியால் அப்பாவும் போனார் என்றுதானே ஆகிறது? அதை நினைத்துக்கொண்டு என்னை உன் வீட்டுக்கு எப்படிக் கூப்பிட்டாய்? நாளைக்குப் பிள்ளைக்குக் காய்ச்சல் வந்தால், காருக்கு டயர் வெடித்தால், உன் கண் முதலில் என் செடிப் பக்கம்தான் போகும். அந்தப் பார்வையைத் தின்றுகொண்டு பச்சைச் சாயம் அடித்த அறையில் நான் உட்கார்ந்திருக்க வேண்டுமா?

சாஸ்திரம் பார்த்த அத்தை வீட்டு வாசலில் என்ன இருக்கிறது, பார்த்திருக்கிறாயா? பிளாஸ்டிக் துளசி. தினமும் அதற்கு ஊதுவத்தி கொளுத்திச் சுற்றி வருகிறாள், தூசி தட்டுவதுகூட இல்லை. கூடத்தில் ஒரு போத்தலில் மணிபிளாண்ட், தண்ணீர் மாற்றி எத்தனை காலமோ, உள்ளே சளி மாதிரி தொங்குகிறது. அது ஒழுகவில்லை, அதனால் காசு தங்கும். அந்த வீட்டில் தண்ணீர் வாங்கிக் குடிக்கவே எனக்கு மனம் வராது.

சரி, செய்ய வேண்டியதைச் சொல்கிறேன். அந்த மண்ணை அப்படியே கட்டிக் குப்பையில் போடு, திரும்ப உபயோகிக்காதே. சட்டியைக் குளோராக்ஸ் பிளீச் ஊற்றித் தேய்த்து வெயிலில் காயவை. கையுறை போட்டுக்கொள், ஷாலினியைக் கிட்டே விடாதே. பசையைக் கத்தியால் சுரண்டாதே, சட்டி விரிசல் விட்டுவிடும், டிரில்லை வைத்து நடுவில் மெதுவாக இறக்கு. அடியில் தட்டு வைக்காதே, கொசுவுக்குத் தொட்டில் அது. இரண்டு செங்கல்லைப் போட்டு அதன்மேல் உட்கார வை. தண்ணீர் தரையில் ஓடினால் ஓடட்டும், மூலையில் அதற்குத்தான் வடிகால் வைத்துக் கட்டியிருக்கிறான். பால்கனித் தரையில் விரித்திருக்கிற பச்சைப் பிளாஸ்டிக் புல் விரிப்பையும் சுருட்டி எறி, அடியில் என்னென்ன ஊர்கிறதோ.

இதை எல்லாம் முடித்துவிட்டு அத்தைக்குப் போன் பண்ணு. சண்டை போடச் சொல்லவில்லை. மரியாதையாகவே பேசு, அவளும் பெரியவள். ஓட்டையைத் திறந்துவிட்டேன் என்று சொல், அப்பா வாளியால் சாகவில்லை என்று சொல். அன்றைக்குக் கூடத்தில் சொன்ன அதே குரலில் சொல்ல வேண்டும். ஷாலினி கேட்கிற மாதிரி, கதவைச் சாத்திக்கொள்ளாமல் சொல்ல வேண்டும். முடியாது என்றால் பரவாயில்லை, நான் இங்கேயே இருந்துகொள்கிறேன். பேரப்பிள்ளையைப் பார்க்கப் பஸ் இருக்கிறது. முட்டி வலிக்குத் தைலம் இருக்கிறது.

சொல்லி முடித்தாய் என்றால் எனக்குத் தகவல் கொடு. பெட்டியைத் திரும்பக் கட்ட எனக்கு ஒரு சாயங்காலம் போதும். புதுக் கறிவேப்பிலைக் கன்று ஒன்றை உன் அப்பா கடைசியாகக் கொண்டுவந்த வாளியில் நட்டு வைத்திருக்கிறேன். பக்கமெல்லாம் சாயம் ஒட்டிய பழைய வாளி, உன் வெள்ளைச் சட்டிகளுக்குப் பக்கத்தில் அசிங்கமாகத்தான் இருக்கும். அடியில் நான் போட்ட ஓட்டை அப்படியே இருக்கிறது. உன் வீட்டு வாசலில் வலது காலை எடுத்து வைக்கும்போது என் கையில் அதுதான் இருக்கும், தண்ணீர் சொட்டச் சொட்ட. முட்டி வலியோடு என்னால் அதைத் தனியாகத் தூக்க முடியாது.

வாளியைப் பிடித்துக்கொள்ள வருகிறாயா?

அம்மா